பழைய காலத்து ஸ்கீயை மாட்டிக்கொண்டு வடிவா விழுந்து எழும்புறது எப்பிடி

டிசம்பர், பெப்ரவரி லீவுக்கு சுவிஸ், நோர்வே, கனடா எண்டு சொந்தக்காரரிட்ட போற கொழும்பு ஆக்கள் இப்ப கனபேர். போனால் கட்டாயம் ஒருநாள் மலைக்குக் கூட்டிக்கொண்டு போவினம். புது ஸ்கீயை, அதுதான் ஸ்னோவில சறுக்கிற நீளப் பலகையை, வாடகைக்கு எடுத்து நாலு படம் எடுத்து, சூடா ஏதும் குடிச்சிட்டு இறங்கி வாறது ஒரு வழி, அதில பிழை ஒண்டும் இல்லை. ஆனா அந்த நாடுகள்ல கனக்க வீட்டு கெல்லர் எண்ட நிலக்கீழ் அறைக்குள்ளயும் பழைய சாமான் சந்தையிலயும் 1950கள், 60களில ஓடின மர ஸ்கீயும் தோல் சப்பாத்தும் மூங்கில் தடியும் இன்னும் கிடக்குது, சில ஊர்கள்ல பழைய உடுப்பும் பழைய ஸ்கீயுமா ஓடுற நாளெண்டே ஒண்டு வைக்கினம், சின்னப் பிள்ளையில இருந்து தாத்தாமார் வரைக்கும் விழுந்து உருண்டு சிரிச்சு பின்னேரம் வரை ஒரே முசுப்பாத்தி. அப்பிடி ஒரு நாளுக்கு உங்களைக் கூப்பிட்டால் மாட்டன் எண்டு சொல்லாதேங்கோ. என்னென்ன பாக்கோணும், எப்பிடி விழோணும், எப்பிடி எழும்போணும் எண்டு கீழ எழுதியிருக்கிறன், ஸ்னோவையே காணாத ஆளுக்கும் விளங்கும்.

என்ர கருத்தை முதலே சொல்லிப்போடுறன். இந்த விளையாட்டில முதல் படிக்கவேண்டியது விழுறது, ரெண்டாவது எழும்புறது, சறுக்கிறது மூண்டாவது தான். பழைய ஆக்கள் இந்த ஒழுங்கில தான் படிச்சவை, வேற வழியும் இருக்கேல்லை, அதால தான் அந்தக் காலத்துப் படங்களைப் பாக்கேக்க விழுற ஒவ்வொருத்தரும் சிரிச்சுக்கொண்டு எழும்புறதைக் காணலாம்.

ஏன் அவ்வளவு விழுந்தவை

பழைய கறுப்பு வெள்ளைப் படங்களை ஒருக்கா வடிவா பாருங்கோ. ஆள் அஞ்சரை அடி, ஸ்கீ ஏழு அடி. அந்தக் காலத்தில ஸ்கீயின்ர நீளம் பாக்கிற முறை என்னெண்டால் நேரா நிண்டு கையை மேல தூக்கிறது, மணிக்கட்டு எங்க வருதோ அந்த உயரத்துக்கு ஸ்கீ, அப்பிடிப் பாத்தால் 205, 210 சென்ரிமீட்டர் எல்லாம் சாதாரணமா வரும். இண்டைக்கு அதே ஆளுக்கு 160, 165 எண்டு குடுப்பினம். 1990கள்ல நடுவில ஒடுங்கி ரெண்டு முனையும் அகண்ட ஸ்கீ வந்தாப்பிறகு தான் இந்த நீளம் குறைஞ்சது, அதுக்கு முதல் இருந்த ஸ்கீ கிட்டத்தட்ட நேரான பலகை, சரிச்சு நிண்டால் தானா வளையாது, நீங்க தான் உடம்பை முறிச்சுத் திருப்போணும். அதோட காலில போட்டது கணுக்காலுக்கு மேல கொஞ்சம் வாற தோல் சப்பாத்து, ஒரு மணித்தியாலத்தில ஈரமாகித் தொளதொளத்துப் போகும், நீங்க ஒரு பக்கம் திரும்ப ஸ்கீ வேற பக்கம் போகும். பாதையையும் இப்ப மாதிரி மெஷின் வந்து சமப்படுத்திறேல்லை, சனம் ஸ்கீயோட பக்கவாட்டில மிதிச்சு மிதிச்சுத் தான் இறுக்கினவை, விழுந்த இடமெல்லாம் குழி, அந்தக் குழியில அடுத்த ஆள் விழும்.

இதுக்கு மேல ஸ்டைல் வேற. 1950கள்ல ஒஸ்ற்றியாவில இருந்து வந்த பாணி, ரெண்டு காலையும் ஒட்டவைச்ச மாதிரி சேத்துப் பிடிச்சு இடுப்பை மட்டும் இங்கயும் அங்கயும் ஆட்டி இறங்குறது, வேடெல்ன் எண்டு சொல்லுவினம், பாக்கச் சரியான வடிவு, ஆனா காலை ஒட்டி வைச்சால் நிக்கிற அடி ஒடுங்கிப்போகுது, ஒரு சின்னக் கட்டி தட்டினாலே ஆள் கட்டையா சரியும். அந்தக் கால வீழ்ச்சிகள்ல பாதி இதால வந்தது எண்டு தான் நான் நினைக்கிறன்.

விழுந்ததை ஒளிக்காமல் எழுதினவையும் இருந்தவை. ஷேர்லொக் ஹோம்ஸை உருவாக்கின ஆர்தர் கொனன் டொயில் 1894 மார்ச் மாசம் சுவிஸில டாவோஸில இருந்து மலைக்கு மேலால ஆரோசாவுக்கு ஸ்கீயில போனவர், கூடப் போனது அந்த ஊர் பிராங்கர் சகோதரர் ரெண்டு பேர். ஒரு செங்குத்தான இடத்தில ஸ்கீயளைக் கழட்டி ஒண்டாக் கட்டி அதில குந்தி இறங்கப் பாத்திருக்கினம், டொயிலின்ர ஸ்கீ அவரை விட்டிட்டுத் தனியா இறங்கிப் போக, மனுசன் மிச்சத் தூரத்தைக் காற்சட்டையில தான் சறுக்கினது. ஹாரிஸ் ட்வீட் துணி தேயவே தேயாது எண்டு சொன்ன தன்ர தையல்காரர், அந்த மலையில இருந்து ஆரோசா வரைக்கும் வந்து பாத்தால் துணியின்ர சாம்பிளைக் காணலாம் எண்டு அந்த வருசமே ஒரு சஞ்சிகையில எழுதிப்போட்டார். உலகமே தெரிஞ்ச எழுத்தாளர் அப்பிடி விழுந்து அதை எல்லாரும் வாசிக்கட்டும் எண்டு எழுதியிருக்கிறார், அப்ப நாங்கள் ஏன் வெக்கப்படோணும்.

கொழும்பில இருக்கேக்கயே செய்யக்கூடியது

உடுப்புக்கு அங்க போய் காசைக் கொட்டவேண்டாம். நுவரெலியா பக்கம் போறீங்க எண்டால் அங்க ரோட்டோரக் கடையளில வரிசையா குளிர் ஜாக்கெட் தொங்கும், எங்கட நாட்டு கார்மென்ட் ஃபேக்டரியளில வெளிநாட்டுக்குத் தைச்சு மிஞ்சினது, சில நேரம் உண்மையான ஸ்கீ ஜாக்கெட்டே கிடைக்கும். ஒண்டைப் பாருங்கோ, இடுப்பில உள்பக்கமா ஒரு இலாஸ்டிக் துணி பட்டி தைச்சிருக்கோணும், விழேக்க ஸ்னோ முதுகுக்குள்ள ஏறாமல் தடுக்கிறது அது தான். பழைய ஸ்டைல் வேணுமெண்டு கம்பளி ஸ்வெட்டரை மேல போடுற ஆக்களுக்கு, படத்துக்கு நல்லம், ஆனா கம்பளியில ஸ்னோ சின்னச் சின்ன உருண்டையா ஒட்டிப் பிடிக்கும், அரை மணித்தியாலத்தில ஸ்வெட்டர் ரெண்டு மடங்கு பாரமாகும். கம்பளியை உள்ளுக்குப் போட்டு ஜாக்கெட்டை மேல போடுங்கோ. ஜீன்ஸ் வேண்டவே வேண்டாம். மேஸ் நீளமா ஒண்டு போதும், ரெண்டு மூண்டு போட்டால் மடிஞ்சு காலை வெட்டும்.

பிறகு தொடை. ஸ்கீயில முழுப் பாரமும் தொடையில தான் இறங்கும், எங்கட பக்கத்து ஆக்கள் மூச்சு முட்டி நிக்கிறதை விட தொடை நடுங்கித் தான் நிக்கினம். சுவரில முதுகைச் சாய்ச்சு கதிரையில இருக்கிற மாதிரி முழங்காலை மடிச்சு நில்லுங்கோ, ஒவ்வொரு நாளும் கொஞ்சம் கொஞ்சமா நேரத்தைக் கூட்டுங்கோ. ஃப்ளட்டில இருக்கிற ஆக்கள் லிஃப்டை விட்டிட்டு படியால இறங்குங்கோ, ஏறுறதை விட இறங்குறது தான் இதுக்கு உதவும். பின்னேரத்தில வெள்ளவத்தை, கல்கிசை கடற்கரைப் பக்கம் போனால் தண்ணி அரிச்ச மணல் சரிவு இருக்குமே, அதில பக்கவாட்டில நிண்டு ஒவ்வொரு காலா மேல ஏறிப் பழகுங்கோ, சப்பாத்தில சரிவின்ர மேல்பக்கம் இருக்கிற விளிம்பை மணலுக்குள்ள வெட்டி வெட்டி ஏறோணும், ஸ்கீயில மலை ஏறுறதும் இதே முறை தான். காலிமுகத்திடல் புல்லில நிண்டு பக்கமா விழுந்து பழகினாலும் நல்லம், சனம் பாக்கும், பாக்கட்டும்.

விசாவுக்கு எடுக்கிற இன்ஷூரன்ஸ் விசயம் ஒண்டு. ஷெங்கன் விசாவுக்கு 30,000 யூரோ மருத்துவக் காப்புறுதி கேப்பினம், அதை எடுத்திட்டம் தானே எண்டு இருந்திடாதேங்கோ, கனக்க பொலிசியில குளிர்கால விளையாட்டு சேர்த்தியில்லை. எடுக்கேக்கயே கேட்டு அதைச் சேர்க்கச் சொல்லுங்கோ, ஏனெண்டால் மலையில இருந்து ஆளைத் தூக்கி இறக்கிற செலவு சின்னச் செலவில்லை.

பழைய சாமானைப் பாக்கிற முறை

கெல்லருக்குள்ள இருந்து எடுத்த ஸ்கீயை அப்பிடியே மாட்டவேண்டாம். முதல்ல ரெண்டு ஸ்கீயையும் அடிப்பக்கம் அடிப்பக்கமாச் சேத்துப் பிடிச்சுப் பாருங்கோ, முனையும் வாலும் முட்டி நடுவில இடைவெளி இருக்கோணும், அந்த வளைவு தான் ஸ்கீயின்ர உயிர், ஒட்டி நிண்டால் அது செத்துப்போச்சு. மரம் அடுக்கு அடுக்கா பிரியுதா எண்டு விரலால தட்டிப் பாருங்கோ. ஓரத்தில இரும்புப் பட்டி துண்டு துண்டா ஸ்க்ரூ அடிச்சு வைச்சிருக்கும், 1920கள்ல ருடோல்ஃப் லெட்னர் எண்ட ஒஸ்ற்றியாக்காரர் கண்டுபிடிச்ச முறை அது, அதுக்கு முதல் வெறும் மர ஓரத்தோட ஐஸில இறங்கினவையை நினைச்சுப் பாருங்கோ. அந்த ஸ்க்ரூ ஒண்டு கழண்டு பட்டி வெளிய நீட்டிக்கொண்டு நிண்டால் காற்சட்டையும் கிழியும் காலும் கிழியும், ஒவ்வொண்டா பாத்து இறுக்குங்கோ. அடிப்பக்கத்துக்கு விலையான வக்ஸ் தேவையில்லை, வெள்ளை மெழுகுதிரியை முழுக்கத் தேச்சு ஒரு தக்கையால மினுக்கிவிட்டால் போதும், பழைய ஆக்கள் கனபேர் அதைத் தான் செய்தவை.

சப்பாத்தை ஸ்கீயோட பூட்டுற பைண்டிங் தான் கவனமா இருக்கவேண்டிய இடம், இதில மட்டும் முசுப்பாத்தி வேண்டாம். 1930கள்ல இருந்து கனகாலம் ஓடினது கேபிள் பைண்டிங், சுவிஸ்காரர் கீடோ ரோய்கே செய்தது, கந்தஹார் எண்டு பேர். சப்பாத்தின்ர முன்பக்கம் ரெண்டு இரும்புக் காதுக்குள்ள இறுகி நிக்கும், குதியைச் சுத்தி ஒரு ஸ்பிரிங் கேபிள் வரும், முன்னால ஒரு லீவர் இருக்கும், அதை அமத்தினால் எல்லாம் இறுகும். ஸ்கீயின்ர பக்கத்தில கீழ கொளுக்கி இருக்கும், கேபிளை அதுக்குள்ளால விட்டால் குதி அசையாமல் இருக்கும், இறங்குறதுக்கு அது தான் முறை. பிரச்சினை என்னெண்டால் விழேக்க அது கழராது. கால் ஸ்கீயோட சேந்து முறுகும், அந்தக் காலத்தில முறிஞ்ச கால்கள் கனக்க இதால முறிஞ்சது. ஹ்யால்மர் ஹ்வாம் எண்ட ஒரேகன் நோர்வேக்காரர் 1937ல இப்பிடித் தான் காலை முறிச்சு, ஒப்பரேஷன் முடிஞ்சு மயக்கம் தெளிஞ்சவுடன கேட்டது பேப்பரும் பென்சிலும், விழுந்தால் தானாக் கழருற பைண்டிங்கைக் கீறி 1939ல பேட்டன்ட் எடுத்தார், இண்டைக்கு எங்கட கால்களைக் காப்பாத்திற எல்லா பைண்டிங்குக்கும் அது தான் மூத்தது.

அதால நான் சொல்லுறது இது. கேபிளை பின் கொளுக்கிக்குள்ள விடாதேங்கோ, முன் கொளுக்கியோட நிப்பாட்டுங்கோ, குதி தூக்க இடம் இருந்தால் முன்னுக்கு விழேக்க முழங்கால் மடிஞ்சு குடுக்கும். லீவரை ஒரு கையால சுகமா அமத்திற அளவுக்கு மேல இறுக்கவேண்டாம். பழைய பைண்டிங்கில புது பிளாஸ்டிக் சப்பாத்தைத் திணிக்கவே வேண்டாம். சரிவும் பிள்ளையள் பழகிற சின்னச் சரிவு தான், அதுக்கு மேல கேபிள் பைண்டிங்கோட ஏறுறது வீரம் இல்லை. ஹெல்மெட் அந்தக் காலத்தில இல்லைத் தான், ஆனா நீங்க போடுங்கோ, மேல பழைய கம்பளித் தொப்பியை இழுத்துவிட்டால் படத்திலயும் தெரியாது.

1970கள், 80களின்ர பிளாஸ்டிக் சப்பாத்து கிடைச்சால் அதைப் படத்துக்கு மட்டும் வைச்சுக்கொள்ளுங்கோ. அந்தப் பிளாஸ்டிக் வருசக்கணக்கா கிடந்து உக்கி, வெளியில நல்லாத் தெரியும், குளிரில காலை மடிக்க வெடிச்சுத் துண்டு துண்டாப் போகும். தோல் சப்பாத்து அப்பிடி இல்லை, எண்ணெய் பூசி வைச்சிருந்தால் இன்னும் உழைக்கும். அதில கனக்க உள்ளுக்கு ஒண்டு வெளியில ஒண்டு எண்டு ரெண்டு லேஸ் இருக்கும், உள் லேஸை முதல்ல கணுக்காலில இறுக்கிக் கட்டி, விரல் பக்கத்தைத் தளர விடுங்கோ, பிறகு வெளி லேஸ். கால் விரலை அசைக்க ஏலாட்டி கழட்டித் திரும்பக் கட்டோணும், பஞ்சிப்படாதேங்கோ. 1955ல சுவிஸ் ஹென்க கொம்பனி பக்கிள் போட்ட சப்பாத்தை விட்டபோது சனம் ஏன் அவ்வளவு சந்தோசப்பட்டது எண்டு, விறைச்ச விரலால ஒருக்கா லேஸ் கட்டிப் பாத்தால் விளங்கும்.

தோல் வார் எல்லாத்தையும் இழுத்துப் பாருங்கோ. 1956 கோர்ட்டினா ஒலிம்பிக்கில டோனி சைலர் எண்ட ஒஸ்ற்றியாக்காரர் மூண்டாவது தங்கத்துக்கு டவுன்ஹில் எண்ட மலை இறக்க ஓட்டம் ஓட நிக்கேக்க, ஸ்டார்ட்டுக்குக் கிட்ட வைச்சு சப்பாத்தை ஸ்கீயோட கட்டுற வார் அறுந்துபோச்சு, வேற வாரும் இல்லை, இத்தாலி டீமின்ர பயிற்சியாளர் ஹான்ஸ் செங்கர் தன்ர ஸ்கீயில இருந்ததைக் கழட்டிக் குடுத்தார், அதைக் கட்டிக்கொண்டு போய் சைலர் வெண்டார். மற்ற டீம் ஆளுக்கு வார் குடுத்த அந்த மனுசனை நினைச்சால் எனக்கு இப்பவும் மனசு நிறையும். நீங்க ஒரு வார் கூட வைச்சிருங்கோ, உங்களுக்கில்லாட்டி பக்கத்து ஆளுக்குத் தேவைப்படும்.

விழுறது

முதலாவது விழுகை நிண்ட இடத்தில தான் வரும், ஒரு அடியும் போகாமல். ஸ்கீயை மாட்டி நிமிருவீங்க, ரெண்டில ஒண்டு தானா நழுவும், மற்றதைக் கவனிக்கப் போக முதலாவது அதுக்கு மேல ஏறி நிக்கும், இப்ப உங்கட ஸ்கீயில நீங்களே நிக்கிறீங்க, அசைய ஏலாது, மெல்லமா, ஆறுதலா, எல்லாரும் பாக்கப் பாக்க சரிவீங்க. பழைய படங்களில அதிகம் சிரிப்பு வாறது இந்த மெல்லமான விழுகைக்குத் தான், கை ரெண்டும் காத்தில நீந்தும், வாய் திறந்தபடி இருக்கும், விழுறதுக்குக் கனநேரம் எடுக்கும். இதுக்கு மருந்து, மாட்டேக்கயே ஸ்கீயை சரிவுக்குக் குறுக்கால வைக்கிறது, மேல்பக்கமும் இல்லை கீழ்பக்கமும் இல்லை, படிக்கட்டு மாதிரி குறுக்கால, கீழ்க்காலின்ர ஸ்கீயை முதல்ல மாட்டோணும்.

ஓடேக்க விழப்போறீங்க எண்டு உடம்புக்குத் தெரிஞ்சால் அதோட மல்லுக்கட்டாதேங்கோ. முழங்காலை மடிச்சு உடம்பைப் பதிச்சு, மேல்பக்கமா, ஒரு பக்கத்து இடுப்பிலயும் தொடையிலயும் விழுங்கோ. ரெண்டு கையும் முன்னால இருக்கோணும். கையைப் பின்னால ஊண்டினால் மணிக்கட்டு போகும், நேரா பின்னுக்கு ஸ்கீயின்ர வாலில குந்தினால் முழங்காலுக்குக் கூடாது, அதோட குந்தினபடியே வேகம் கூடி இன்னும் கீழ போவீங்க. தடியை விட்டிடுங்கோ, தடியைப் பிடிச்சபடி கையை ஊண்டினால் பெருவிரலின்ர அடி மூட்டு நார் இழுபடும், டொக்டர்மார் அதுக்கு ஸ்கீக்காரரின் பெருவிரல் எண்டே பேர் வைச்சிருக்கினம். விழுந்தாப்பிறகு சறுக்கிக்கொண்டிருக்கேக்க எழும்பப் பாக்காதேங்கோ, நிண்டாப்பிறகு எழும்பலாம், ஸ்கீயைக் கொஞ்சம் தூக்கிப் பிடிச்சால் மாட்டுப்படாது.

கழருற பைண்டிங் வந்த காலத்தில வேற ஒரு கூத்து. கழண்ட ஸ்கீ தனியா மலையால இறங்கிக் கீழ நிக்கிற சனத்துக்குள்ள அம்பு மாதிரி போகும் எண்டதால, ஸ்கீயை ஒரு வாரால காலில கட்டி வைச்சவை. விழுந்து உருளேக்க அந்த ஏழடிப் பலகை காலைச் சுத்திச் சுத்தி வந்து தலையிலயும் முதுகிலயும் அடிக்கும், பழைய படங்களில ஆள் எது ஸ்கீ எது தெரியாமல் ஒரு ஸ்னோப் புகை உருண்டு போறது அது தான். 1970கள்ல ஸ்கீ கழண்டவுடன ரெண்டு சின்னக் கால் கீழ குத்தி நிப்பாட்டுற பிரேக் வந்தாப்பிறகு தான் அந்த வாரை விட்டவை. உங்கட பழைய ஸ்கீயில வார் இருந்தால் கட்டுங்கோ, சின்னச் சரிவில அது அடிக்கிற அளவுக்கு உருள மாட்டீங்க, ஸ்கீ ஓடிப்போய் ஒரு பிள்ளையில படாமல் இருக்கிறது முக்கியம். ஓடிப்போச்சு எண்டால் பலத்துக் கத்துங்கோ, ஸ்கீ ஸ்கீ எண்டு, எந்த நாட்டிலயும் விளங்கும்.

எழும்புறது

விழுந்த இடத்தில ஸ்கீ மேல்பக்கம், தலை கீழ்பக்கம் கிடந்தால் எழும்பவே ஏலாது, எவ்வளவு பலம் இருந்தாலும். முதுகில உருண்டு, காலைத் தூக்கி, ஸ்கீ ரெண்டையும் கீழ்பக்கத்துக்கு கொண்டு வாங்கோ, சரிவுக்குக் குறுக்கால வையுங்கோ. முழங்காலை நெஞ்சுக்குக் கிட்ட மடிச்சு, மேல்பக்கக் கையை இடுப்புக்குப் பக்கத்தில ஊண்டி, பாரத்தை முன்னுக்கு ஸ்கீக்கு மேல கொண்டுபோய் எழும்புங்கோ. ஆழமான ஸ்னோவில கை தோள் வரைக்கும் உள்ளுக்குப் போகும், ஊண்ட ஒண்டும் கிடைக்காது. அப்ப ரெண்டு தடியையும் பெருக்கல் அடையாளம் மாதிரி ஸ்னோவுக்கு மேல படுக்கப் போட்டு அந்தச் சந்தியில கையை வைச்சு ஊண்டுங்கோ, பழைய மூங்கில் தடியளில அடியில பெரிய தோல் வளையம் இருக்கும், அது இந்த வேலைக்குச் சரியான உதவி.

எழும்பினாப்பிறகு ஒரு வேலை இருக்கு, இதை விட்டிட்டுப் போகவே கூடாது. விழுந்த குழியை ஸ்கீயால மிதிச்சு மூடுங்கோ. பழைய ஆக்கள் இதை ஒரு மரியாதையாவே வைச்சிருந்தவை, குழியை மூடாமல் போறவையைப் பாத்து ஏசுவினம், அடுத்த ஆள் அதில கால் வைச்சு விழக்கூடாது எண்டு. பிறகு ஓரமா வாங்கோ. சர்வதேச ஸ்கீ சம்மேளனம் 1967ல போட்ட நடத்தை விதியளில முக்கியமானது, முன்னால, கீழ போறவருக்குத் தான் முதல் உரிமை, பின்னால வாறவர் தான் விலத்தோணும். எங்கட ரோட்டுப் பழக்கத்தோட ஹோர்ன் அடிக்கிற மாதிரி கத்திக்கொண்டு இறங்காதேங்கோ.

இனிச் சறுக்கிறது

அங்க எங்கட சொந்தக்காரரின்ர பிள்ளையள் பள்ளிக்கூடத்தாலயே ஸ்கீலாகர் எண்ட ஸ்கீ முகாமுக்குப் போய் வந்திருப்பினம், அதுகளிட்டயே கேளுங்கோ, மாமாக்கும் பெரியம்மாக்கும் படிப்பிக்கிறதெண்டால் அதுகளுக்கு அவ்வளவு சந்தோசம். பீட்சா எண்டு சொல்லுவினம், ஸ்கீயின்ர முன் முனைகளைக் கிட்டக் கொண்டு வந்து வாலை அகட்டி வைக்கிறது, உள் விளிம்பு ஸ்னோவை வழிக்கும், வேகம் குறையும். பழைய நீள ஸ்கீயில இதைச் செய்யேக்க ரெண்டு விசயம். முன் முனை ஒண்டுக்கு மேல ஒண்டு ஏறிப் போகாமல் ஒரு கையகலம் இடைவெளி விடோணும், ஏறிச்சுதெண்டால் நேரா மூக்கில தான். மற்றது, நீளம் கூட எண்டதால வாலை அகட்டுறதுக்கு பலம் கூட வேணும், குதியால வெளிய தள்ளுங்கோ.

அந்தப் பிள்ளையள் படிக்கிற பீட்சாவில இருந்து ஒரு காலில பாரத்தைப் போட்டுத் திரும்பி, மற்றக் காலைக் கொண்டுவந்து சேக்கிற முறை, ஹானஸ் ஷ்னைடர் எண்ட ஒஸ்ற்றியா வாத்தியார் சென்ட் அன்ரனில முதலாம் உலகப் போருக்கு முன்னும் பின்னும் படிப்பிச்ச ஆர்ல்பெர்க் முறை தான் இதின்ர வேர். அவர் சனத்துக்குச் சொல்லிக் குடுத்தது முழங்காலை மடி, பதிஞ்சு நில் எண்டு. பழைய ஸ்கீக்கு இதை விட நல்ல புத்தி இல்லை. வலப்பக்கம் திரும்ப இடக்காலில பாரம், இடப்பக்கம் திரும்ப வலக்காலில பாரம், கண் போகவேண்டிய இடத்தைப் பாக்கோணும், ஸ்கீயின்ர முனையைப் பாத்துக்கொண்டு போனால் முனை இருக்கிற இடத்தில தான் போய் விழுவீங்க.

திரும்ப ஏலாத இடத்தில பழைய ஆக்கள் கிக்-டேர்ன் போட்டவை. நிண்ட இடத்தில கீழ்க்காலை ஸ்கீயோட தூக்கி, வாலை ஸ்னோவில குத்தி, ஏழடிப் பலகையை வானத்துக்கு நிமித்தி, அப்பிடியே மற்றப் பக்கத்துக்குச் சாய்ச்சு வைக்கிறது. இப்ப ஒரு பாதம் கிழக்கு, ஒரு பாதம் மேற்கு. இந்த நிலையில நிண்டு யோசிக்கப் போனால் முடிஞ்சுது. தடி ரெண்டையும் பின்னால மேல்பக்கமா ஊண்டி, மற்றக் காலை உடன கொண்டு வாங்கோ. இதைச் சமதரையில முதல் பழகுங்கோ.

1970கள்ல அமெரிக்காவில ஹொட்-டோக் எண்டு வந்த கூத்து, வெயின் வோங், சூசி சாஃபி மாதிரி ஆக்கள் ஸ்கீயில பாலே ஆடினவை, காத்தில காலை அகட்டிப் பாய்ஞ்சவை, அந்த ஸ்கீ பாலே 1988 கல்கரி, 1992 ஆல்பெர்வில் ஒலிம்பிக் ரெண்டிலயும் காட்சிப் போட்டியாவும் வந்தது. பாக்கிறதுக்குத் தேடிப் பாருங்கோ, அவ்வளவு சந்தோசமான விளையாட்டு. செய்து பாக்கிறது பிறகு.

மேல ஏறுறது

இறங்குறதை விட ஏறேக்க விழுற ஆக்கள் கூட. 1930களின்ர தொடக்கத்தில வந்தது கயிறு, பழைய கார் எஞ்சினில சில்லை மாட்டி சுத்திற நீளக் கயிறு ஒண்டு, அமெரிக்காவில வெர்மொன்ட் மாநிலம் வுட்ஸ்டொக்கில 1934ல ஒரு தோட்டத்தில ஃபோர்ட் மொடல் டி எஞ்சினில ஓட்டினவை. இப்பவும் சின்னச் சரிவுகள்ல கயிறு இருக்கு. ஓடுற கயிறை டக்கெண்டு இறுக்கிப் பிடிச்சால் கை முன்னுக்குப் போகும், ஆள் பின்னுக்கு நிக்கும். கைக்குள்ளால கயிறை ஓட விட்டு, மெல்லமா இறுக்குங்கோ, தானா இழுத்துக்கொண்டு போகும். சால்வை, நீளத் தலைமயிர், ஜாக்கெட்டின்ர நூல் எல்லாத்தையும் உள்ளுக்குச் செருகுங்கோ, கயிறு முறுகிக்கொண்டு ஓடும், சுத்தினால் விடாது.

1934 நத்தாருக்கு முதல் நாள் டாவோஸில ஏர்ன்ஸ்ட் கொன்ஸ்டாம் எண்ட எஞ்சினியரின்ர லிஃப்ட் திறந்தது, அடுத்த வருசமே அது ரெண்டு பேரை ஒண்டா இழுக்கிற டி-பாரா மாறிச்சு. தலைகீழாப் பிடிச்ச டி எழுத்து மாதிரி ஒரு தடி, ரெண்டு பேருக்கும் பின்பக்கத்தில வந்து முட்டும். பாத்தவுடன எல்லாருக்கும் அதில குந்தோணும் போல இருக்கும். குந்தினால் தரையில தான். அது ஆளைத் தள்ளுற சாமான், இருக்கிற சாமான் இல்லை. நேரா நில்லுங்கோ, முழங்கால் கொஞ்சம் மடிஞ்சிருக்கட்டும், ஸ்கீ ரெண்டும் நேரா பாதையில இருக்கட்டும், சாயவேண்டாம். உங்கட உயரத்துக்கிட்ட உள்ள ஆளோட ஏறுங்கோ, ஆறடி மச்சானும் அஞ்சடி மாமியும் சேந்து ஏறினால் தடி ஒருத்தருக்கு முழங்காலுக்குப் பின்னால, மற்றவருக்கு முதுகில, பாதி வழியில ரெண்டு பேரும் சேந்து சரிவினம். விழுந்திட்டால் தடியை உடன விட்டிட்டு, பாதையை விட்டு பக்கத்துக்கு உருளுங்கோ, பின்னால அடுத்த சோடி வந்துகொண்டிருக்கு, அங்க கிடந்து சிரிச்சால் அவையும் உங்களுக்கு மேல தான். உச்சியில ஒருத்தர் தடியைப் பிடிச்சு விடோணும், மற்றவர் முதலே விலத்தோணும், ஆர் விடுறது எண்டு கீழயே கதைச்சுப்போட்டு ஏறுங்கோ.

கதிரை லிஃப்ட் 1936 டிசம்பரில அமெரிக்காவில சன் வலியில ஓடத் தொடங்கிச்சு, அதைக் கீறினது ஜிம் கரன் எண்ட ரெயில்வே கொம்பனி எஞ்சினியர், அவர் முதல் கப்பலில வாழைக்குலை ஏத்திற கேபிள் லைன் செய்தவர், கொளுக்கியில குலைக்குப் பதிலா கதிரையைத் தொங்கவிட்டார். அதில ஏறேக்க தடி ரெண்டையும் ஒரு கையில பிடிச்சு, மற்றக் கையால கதிரை வாறதைத் திரும்பிப் பாத்துப் பிடிச்சுக் குந்துங்கோ. இறங்கேக்க ஸ்கீ முனையைத் தூக்கிப் பிடிச்சு, தரை தட்டினவுடன எழும்பி நேரா போங்கோ, அதில நிண்டு படம் எடுக்கவேண்டாம்.

வீட்டுக்கு வந்தாப்பிறகு

தோல் சப்பாத்தை ஹீட்டருக்குக் கிட்ட வைக்காதேங்கோ, வெடிக்கும். லேஸை முழுக்கத் தளத்தி, பழைய பேப்பரைக் கசக்கி உள்ளுக்குத் திணிச்சு, ஒரு இரவு விட்டு பேப்பரை மாத்துங்கோ. ஸ்கீயைத் துடைச்சு, இரும்பு ஓரத்தில ஒரு துளி எண்ணெய் பூசி, ரெண்டையும் அடியோட அடி சேத்து முனையிலயும் வாலிலயும் கட்டி, நடுவில ஒரு சின்ன மரக்கட்டையை வையுங்கோ, அந்த வளைவு சாகாமல் இருக்கிறதுக்கு பழைய ஆக்கள் செய்த வேலை அது. சாமான் கடன் வாங்கினது எண்டால் இதெல்லாம் செய்துபோட்டுத் தான் திருப்பிக் குடுக்கோணும். அடுத்த நாள் காலமை தொடை கல்லு மாதிரி இருக்கும், படியால பக்கவாட்டில இறங்கினால் நோ குறையும், ரெண்டு நாளில சரியாகிடும், அதுக்குள்ள திரும்ப மலைக்குக் கூப்பிட்டால் கேபிள் பைண்டிங்கை விட்டிட்டு புது ஸ்கீயை வாடகைக்கு எடுங்கோ, களைச்ச காலோட பழைய பைண்டிங் கூடாது.